உங்களுக்குத் தெரியுமா? சட்டைப்பைக்குள் ஒரு தோட்டம்

இந்த முறை மவுத் ஆர்கன். அதிலும் ப்ளூஸ் என்ற அமெரிக்கக் கறுப்பினத்தவரின் இசையை வாசித்த மவுத் ஆர்கன். ஜேம்ஸ் காட்டன் என்று ஒருவர் இருந்தார். அமெரிக்காவின் பருத்தித் தோட்டத்தில் பிறந்தவர், ஐம்பது ஆண்டுகள் சொந்த இசைக்குழு நடத்தியவர். 'அவருக்கும் மலாக்காவுக்கும் என்ன சம்பந்தம்?' என்று கேட்பீர்கள். நேரடிச் சம்பந்தம் ஒன்றுமில்லை. ஆனால் ஜாசினிலோ அலோர் காஜாவிலோ பத்தாங் மலாக்காவிலோ லயத்தில் வளர்ந்தவர்களுக்கு அவர் கதையில் பாதி சொல்லாமலே விளங்கும்.

ஒரே ஆண்டில் இரண்டு

● 1896. மலாக்காவின் புக்கிட் லிந்தாங்கில் டான் சே யான் ரப்பர்க் கன்றுகளை வரிசை பிடித்து நட்டார். நாற்பது ஏக்கர் சொச்சம். மலாயாவில் வியாபாரத்துக்கென்றே போட்ட முதல் ரப்பர்த் தோட்டம் அதுதான். அதன் பிறகு புக்கிட் ஆசகானில் ஆயிரக்கணக்கான ஏக்கர். 'மரம் நட்டுக் காசு பார்க்க ஆறேழு வருஷம் ஆகுமே' என்று மற்றவர்கள் தயங்கியபோது துணிந்தவர் அவர். நம் தாத்தா பாட்டிகள் ரப்பருக்காகக் கப்பலேறி வந்த கதையின் முதல் பக்கம் இந்த மாநிலத்தில்தான் எழுதப்பட்டது.

● அதே 1896. ஜெர்மனியில் ஹோனர் நிறுவனம் 'மரைன் பேண்ட்' என்ற மவுத் ஆர்கனை வெளியிட்டது. அமெரிக்க மரைன் படையின் வாத்தியக் குழு அப்போது கொடி கட்டிப் பறந்தது. அதன் பெயரையே வைத்தார்கள். ராணுவப் பெயர் தாங்கிய அந்த வாத்தியத்தை உலகப் புகழ் பெறச் செய்தவர்கள் பருத்திக் காட்டுக் கூலிகளின் பிள்ளைகள்.

● ஹோனர் நிறுவனத்தைத் தொடங்கிய மத்தியாஸ் ஹோனருக்குத் தொழில் கடிகாரம் செய்வது. ட்ராஸிங்கன் என்ற சிற்றூரில் 1857-இல் மவுத் ஆர்கன் பக்கம் திரும்பினார். பொடிப் பொடியான பித்தளைத் தகடுகளோடு மல்லாடிப் பழகிய விரல்களுக்கு அந்த வேலை புதிதாக இருந்திருக்காது.

● சாதாரண ப்ளூஸ் மவுத் ஆர்கனில் துளைகள் 10. உள்ளே நாக்குத் தகடுகள் 20. ஒவ்வொரு துளைக்கும் ஊதினால் பேச ஒன்று, உறிஞ்சினால் பேச ஒன்று. மரைன் பேண்டின் நடுச்சட்டம் பேரி மரம். எச்சில் ஈரம் பட்டால் மரம் ஊதும், காய்ந்தால் சுருங்கும். காற்று ஒழுகாமல் இருக்க அந்தக் காலத்து வாசிப்பாளர்கள் வாத்தியத்தைத் தண்ணீரில் ஊறப்போட்டு எடுத்து வாசித்தார்கள்.

● பஜனை மடத்து ஆர்மோனியமும் மவுத் ஆர்கனும் ஒரே குடும்பம். காற்றில் துடிக்கும் தகடுதான் இரண்டிலும் பாடுகிறது. குடும்பத்தின் கொள்ளுப்பாட்டி சீனாவின் 'செங்' என்ற மூங்கில் வாத்தியம். ஆர்மோனியத்துக்கு 1842-இல் பாரீஸில் காப்புரிமை வாங்கியவர் அலெக்ஸாந்தர் டெபான்.

● அந்த ஆர்மோனியத்தை அகில இந்திய வானொலி 1940 முதல் 1971 வரை தள்ளி வைத்திருந்தது. கட்டையை அழுத்தினால் ஒரு ஸ்வரம், அவ்வளவுதான். கமகத்துக்கு வளையாது என்பது பெரிய குற்றச்சாட்டு. அக்காள் வளையமாட்டாள். தம்பி மவுத் ஆர்கன் எப்படி வளைகிறான் என்பதைக் கொஞ்சம் கழித்துப் பார்ப்போம்.

பருத்திக் காட்டுப் பிள்ளை

● ஜேம்ஸ் காட்டன் பிறந்தது 1935 ஜூலை 1. ஊர், மிஸிஸிப்பி மாநிலத்தின் டுனிக்கா. காட்டன் என்றால் பருத்தி. பிறந்த இடம் பருத்தித் தோட்டம், அப்பா அம்மா செய்தது பருத்தி வேலை, குடும்பப் பெயரும் பருத்தி. ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் அப்பா பாப்டிஸ்ட் தேவாலயத்தின் போதகர்.

● கிறிஸ்துமஸ் பரிசாகக் கிடைத்த முதல் மவுத் ஆர்கனின் விலை 15 காசு, அதாவது அமெரிக்க சென்ட். முதல் குரு அம்மா. அவருக்குத் தெரிந்தவை இரண்டே உருப்படி: கோழி கொக்கரிப்பது, ரயில் ஓடுவது. வாத்தியத்தில் இருப்பது அவ்வளவுதான் என்று பையன் கொஞ்ச காலம் நம்பிக்கொண்டிருந்தான்.

● நிரை பிடிக்கும் வயது வரவில்லை. அதனால் முதல் உத்தியோகம், காட்டில் வேலை செய்கிறவர்களுக்குத் தண்ணீர் தூக்கிக் கொடுப்பது. பொட்டல் காட்டில் ஒதுங்க ஏது நிழல்? மேஸ்திரியின் குதிரை நிற்கும் இடத்தில் அதன் நிழலில் உட்கார்ந்து வாசிப்பானாம்.

● ரயிலும் கோழியும் மட்டுமல்ல என்று சொல்லிக்கொடுத்தது வானொலி. ஆர்கன்ஸா மாநிலத்தின் ஹெலனா ஊரில் கே.எஃப்.எஃப்.ஏ. என்ற நிலையம். 1941 நவம்பரில் 'கிங் பிஸ்கட் டைம்' நிகழ்ச்சி தொடங்கியது. ஒலிபரப்பு நேரம் பகல் 12.15: காட்டு வேலைக்காரர்கள் சோற்றுக்கு உட்காரும் நேரம். விளம்பரதாரர் ஒரு கோதுமை மாவு கம்பெனி. மாவு விற்க வந்த நிகழ்ச்சி, ஒரு தலைமுறை கலைஞர்களை விளைவித்துவிட்டுப் போனது.

● அதில் வாசித்தவர் சன்னி பாய் வில்லியம்சன். வியாபாரம் சூடுபிடித்ததும் சோள மாவு மூட்டையில் அவர் படத்தையே அச்சடித்துவிட்டார்கள். 'சன்னி பாய்' மாவு என்றே பெயர். வேடிக்கை என்னவென்றால், அது அவருடைய சொந்தப் பெயரே இல்லை. சிகாகோவில் ஏற்கெனவே புகழோடு இருந்த இன்னொரு மவுத் ஆர்கன் கலைஞரின் பெயர். இவர் மில்லர். ப்ளூஸ் வரலாற்றில் இன்றுவரை 'முதலாம் சன்னி பாய்', 'இரண்டாம் சன்னி பாய்' என்று ராஜாக்களைப் போல எண் போட்டுத்தான் எழுதுகிறார்கள்.

● ஒன்பது வயது வாக்கில் காட்டனை அவருடைய மாமா இந்த இரண்டாம் சன்னி பாயிடம் கொண்டுபோய்ச் சேர்த்தார். பாடத்திட்டம் கிடையாது. குருவின் வாயையும் கையையும் பார்த்துக்கொண்டே இருப்பதுதான் பாடம். நாயனக்காரர் வீட்டில் தங்கி, எடுபிடி வேலை செய்து கற்றவர்களைக் கேட்டால் சொல்வார்கள், இது எந்த ஊர்ப் பழக்கம் என்று.

● சாராயம் ஓடும் ஆட்டக் கொட்டகைகளில் குரு உள்ளே வாசிப்பார். சின்னப் பையனுக்கு உள்ளே அனுமதி இல்லை. சிஷ்யன் வாசற்படியில் உட்கார்ந்து வாசித்து, தொப்பியில் விழும் சில்லறையை எண்ணுவான்.

● ஒருநாள் குரு, பிரிந்திருந்த மனைவியைத் தேடி வடக்கே கிளம்பினார். போகும்போது குழுவைச் சிஷ்யன் கையில் கொடுத்துவிட்டார். பையனுக்கு மீசை கூட அரும்பவில்லை. குழுவில் இருந்தவர்கள் எல்லாம் அப்பா வயது. சில நாளிலேயே குழு கலைந்தது. வயதும் பக்குவமும் போதவில்லை என்று பிற்காலத்தில் அவரே ஒப்புக்கொண்டார். பிறகு ஐம்பது ஆண்டுகள் குழு நடத்திய மனிதரின் முதல் தலைமைப் பதவி இப்படித்தான் முடிந்தது.

லயமும் லயமும்

● தோட்டத்துத் தமிழில் 'லயம்' என்றால் வரிசை வீடு. சங்கீதத் தமிழில் 'லயம்' என்றால் தாளத்தின் ஓட்டம். முன்னது 'லைன்' என்ற ஆங்கிலச் சொல் உருமாறி வந்தது. பின்னது வடமொழி வழி வந்தது. இரண்டும் நம் வாயில் ஒரே சொல்லாகிவிட்டன. ப்ளூஸ் பிறந்த இடத்தைச் சொல்ல உலகத்தில் வேறெந்த மொழிக்கும் இவ்வளவு பொருத்தமான சொல் வாய்க்கவில்லை.

● மிஸிஸிப்பிப் பருத்திக் காட்டில் நடந்தது ஏறக்குறைய நம்மூர் வாரச் சாகுபடி. நிலம் துரையுடையது, உழைப்பு குடும்பத்துடையது, விளைச்சலில் பங்கு. அரிசி, மாவு, எண்ணெய் எல்லாம் தோட்டத்துக் கடையில் பற்று. அறுவடை முடிந்து கணக்குப் பார்த்தால் மிச்சம் இருக்காது, பாக்கி இருக்கும். இங்கே தலைக்காசு வாங்கி ஆள் சேர்த்த கங்காணிமாரின் பற்று நோட்டைப் பார்த்தவர்களுக்கு விளக்கம் தேவையில்லை.

● ப்ளூஸ் பாட்டின் கட்டுமானம் மிக எளிது. முதல் வரியைப் பாடு. அதையே திரும்பப் பாடு. மூன்றாம் வரியில் பதில் சொல். மொத்தம் 12 தாளக்கட்டு. இரண்டாம் முறை பாடுவது வெறும் நிரப்பல் இல்லை. மூன்றாம் வரியை அங்கேயே யோசித்துக்கொள்ளக் கிடைக்கும் அவகாசம். ஒப்பாரி வைக்கும் பாட்டிமார் அடியை மடக்கி மடக்கிப் பாடும்போது அடுத்த அடி வந்து விழுவதும் இதே சூட்சுமம்தான்.

● பாடகர் ஒரு வரி பாடி மூச்சு வாங்குவார். அந்த இடைவெளியில் மவுத் ஆர்கன் நுழைந்து பதில் சொல்லும். கூத்தில் பின்பாட்டுக்காரர் செய்கிற வேலை. முன்பாட்டை மிதிக்கவும் கூடாது, தூங்கவும் கூடாது.

● மலாக்காவுக்கே உரிய கேள்வி–பதில் பாட்டு ஒன்று இருக்கிறது: டொண்டாங் சாயாங். ஒருவர் பந்துன் என்ற மலாய்க் கவிதையைப் பாட, மற்றவர் அந்த இடத்திலேயே புனைந்து பதில் பந்துன் பாட வேண்டும். மலாய்க்காரர், பாபா நோன்யா, மலாக்காச் செட்டிகள், போர்த்துகீசிய வம்சாவளியினர் என்று எல்லாரும் பாடுகிற கலை. 2018-இல் யுனெஸ்கோ பட்டியலில் ஏறியது.

உள்ளே இழுக்கும் வித்தை

● மவுத் ஆர்கன் ஊதும் வாத்தியம் என்றுதான் எல்லாரும் நினைக்கிறோம். ப்ளூஸ்காரர்கள் அதிகம் ஊதுவதில்லை, உறிஞ்சுகிறார்கள். ஜெர்மன்காரர் ஊதி வாசிக்கச் செய்த வாத்தியத்தை இவர்கள் மூச்சைத் திருப்பிப் போட்டு வாசித்தார்கள். அதில்தான் அழுகை இருந்தது.

● சங்கீதம் தெரிந்தவர்களுக்கு ஒரு ரகசியம். சி ஸ்ருதி மவுத் ஆர்கனில் இருப்பது சங்கராபரணம். இரண்டாம் துளையை உறிஞ்சினால் வருவது பஞ்சமம். ப்ளூஸ்காரர்கள் அந்தப் பஞ்சமத்தையே ஷட்ஜமாக வைத்துக்கொள்கிறார்கள். நம் வித்வான்கள் இதற்கு வைத்த பெயர் கிரக பேதம். சங்கராபரணத்தில் பஞ்சமத்தை ஆதாரமாக்கினால் பிறப்பது ஹரிகாம்போதி. மேளகர்த்தா என்ற சொல்லையே கேள்விப்படாத பருத்திக் காட்டில் இது தினசரி நடந்தது.

● இப்போது தம்பி வளையும் கதை. உறிஞ்சும்போது நாக்கைப் பின்னுக்கு இழுத்து வாய்க்குள் இடத்தைப் பெரிதாக்கினால், துளைக்குள் இருக்கும் இரண்டு தகடுகளும் சேர்ந்து துடித்து ஸ்வரம் கீழே சறுக்கும். மூன்றாம் துளையில் மூன்று அரை ஸ்வரம் வரை இறக்கலாம். கீழ் ஸ்தாயியில் இந்த வாத்தியத்துக்குச் சில ஸ்வரங்களே கிடையாது, ஹோனர் வைக்கவில்லை. இல்லாத ஸ்வரத்தை வளைத்து வரவழைத்தவர்கள் வாசிப்பாளர்கள். ஆர்மோனியம் தோற்ற பரீட்சையில் 15 காசு வாத்தியம் தேறிவிட்டது.

● உறுமியின் ஒரு பக்கத்தை வளைந்த குச்சியால் தேய்க்கும்போது 'ம்ம்ம்' என்று அடிவயிற்றிலிருந்து ஒரு முனகல் எழும். அடித்தால் வராது, தேய்த்தால்தான் வரும். மவுத் ஆர்கனின் கீழ்த்துளைகளை இழுத்து வளைக்கும்போது எழுவதும் அதே சாதிக் குரல். மாரியம்மன் திருவிழாவில் உறுமி மேளம் கேட்டு வளர்ந்த காதுக்கு ப்ளூஸ் அந்நியமாகத் தோன்றாததன் காரணம் இதுவாகவும் இருக்கலாம்.

● மவுத் ஆர்கனை மின்சாரத்தோடு முடிச்சுப் போட்டவர் லிட்டில் வால்ட்டர். மலிவான மைக் ஒன்றையும் வாத்தியத்தையும் சேர்த்து உள்ளங்கைகளுக்குள் பொத்தி, கித்தார் ஒலிபெருக்கி வழியாக விட்டார். சட்டைப்பை வாத்தியம் சாக்ஸபோன் போலக் கர்ஜித்தது. 1952-இல் வந்த அவருடைய 'ஜூக்' பாட்டே இல்லாத வெறும் வாசிப்பு. அமெரிக்க ரிதம் அண்ட் ப்ளூஸ் பட்டியலில் எட்டு வாரம் முதலிடம்.

● 'ஜூக்' வெற்றி பெற்றபோது லிட்டில் வால்ட்டர் இன்னொருவர் குழுவில் வாசித்துக்கொண்டிருந்தார். உடனே விலகிச் சொந்தக் குழு கட்டினார். வெற்றியும் வந்தது, குடியும் சண்டையும் கூடவே வந்தன. ஓர் அடிதடியில் பட்ட காயத்தால் 1968-இல் இறந்தபோது வயது 37. ராக் அண்ட் ரோல் புகழ் மண்டபத்தில் அவருக்கு இடம் கிடைக்க 2008 ஆனது.

பன்னிரண்டு வருஷம் பின்பாட்டு

● 1954-இல் மெம்ஃபிஸ் நகரின் சன் ஸ்டூடியோவில் காட்டன் பதிவு செய்த பாட்டு 'காட்டன் கிராப் ப்ளூஸ்'. பருத்தி விளைச்சலின் வயிற்றெரிச்சல்தான் பொருள். அதே ஸ்டூடியோவில் அதே ஆண்டு ஜூலையில் லாரி ஓட்டிப் பிழைத்த இன்னோர் இளைஞர் தம் முதல் இசைத்தட்டைப் பதிவு செய்தார். பெயர் எல்விஸ் பிரெஸ்லி.

● காட்டனும் அப்போது பகலில் லாரி ஓட்டினார், இரவில் வாசித்தார். அந்த ஆண்டுக் கடைசியில் மெம்ஃபிஸ் வந்த மட்டி வாட்டர்ஸ் அவரைத் தம் குழுவுக்கு அழைத்தார். மட்டி வாட்டர்ஸும் தோட்டத்து ஆள்தான்: ஸ்டோவல் பருத்தித் தோட்டத்தில் டிராக்டர் ஓட்டியவர். 1941-இல் நாட்டுப்புறப் பாட்டுச் சேகரிக்க வந்தவர்கள் அவர் குரலைப் பதிவு செய்து போட்டுக் காட்டினார்கள். தம் குரல் தட்டிலிருந்து வருவதைக் கேட்டவருக்குத் தோட்டத்தில் இருப்புக் கொள்ளவில்லை. 1943-இல் சிகாகோவுக்கு ரயிலேறினார்.

● குழுவில் சேர்ந்தும் ஒரு சங்கடம். மேடையில் காட்டன் வாசிப்பார். இசைத்தட்டு பதிவென்றால் கம்பெனிக்காரர்கள் அதே குழுவின் பழைய ஆளான லிட்டில் வால்ட்டரையே கூப்பிடுவார்கள். அவர் வாசித்ததை மேடையில் அச்சுப் பிசகாமல் வாசிக்க வேண்டிய நிலை இவருக்கு. 'நான் வால்ட்டர் இல்லை, நான் காட்டன்' என்று நிலைநாட்டச் சில வருஷம் பிடித்தது.

● நிலைநாட்டிய நாள் 1960 ஜூலை 3. நியூபோர்ட் இசை விழா. 'காட் மை மோஜோ வொர்க்கிங்' பாட்டில் கூட்டம் எழுந்து நின்றது. மட்டி வாட்டர்ஸ் பாட்டை நிறுத்திவிட்டு, மவுத் ஆர்கன்காரரைப் பிடித்து மேடையிலேயே ஓர் ஆட்டம் போட்டார். படச்சுருளில் இன்றும் இருக்கிறது. அந்தப் பாட்டை அந்த வேகத்துக்கு மாற்றி அமைத்ததில் காட்டனுக்குப் பங்கு உண்டு.

● மட்டி வாட்டர்ஸின் 1950-ஆம் ஆண்டுப் பாட்டு ஒன்றின் பெயரைத்தான் ஓர் இங்கிலாந்துக் குழு தன் பெயராக வைத்துக்கொண்டது: ரோலிங் ஸ்டோன்ஸ்.

குழுத்தலைவர்

● 1966-இல், சுமார் 12 வருஷப் பின்பாட்டுக்குப் பிறகு, காட்டன் தம் பெயரிலேயே குழு தொடங்கினார். மேடையில் குட்டிக்கரணம் போடுவார். ஆனால் சக கலைஞர்களை மூடி மறைக்கமாட்டார். அவர் குழுவில் கித்தார் வாசித்த மேட் மர்ஃபியைப் பிறகு 1980-இல் 'ப்ளூஸ் பிரதர்ஸ்' படத்தில் உலகமே பார்த்தது.

● 1977-இல் வந்த 'ஹார்ட் அகெய்ன்' தட்டின் பதிவுக்குப் பழைய தலைவர் மட்டி வாட்டர்ஸ் கூப்பிட்டபோது, காட்டன் மறுபடியும் பின்வரிசையில் போய் நின்றார். பத்து வருஷமாகச் சொந்தக் குழு நடத்துகிறவர். கௌரவம் பார்க்கவில்லை. அந்தத் தட்டு கிராமி விருது வாங்கியது.

● 1910-க்கும் 1970-க்கும் இடையில் சுமார் 60 லட்சம் கறுப்பின மக்கள் அமெரிக்கத் தெற்கிலிருந்து வடக்கு, மேற்கு நகரங்களுக்குப் போனார்கள். பருத்தி பறிக்க இயந்திரமும் வந்துவிட்டது. நம் பக்கத்தில் 1950-களில் தோட்டத் துண்டாடல் தொடங்கியது; பிறகு ரப்பர் போய்ச் செம்பனை வந்தது; லயத்தை விட்டவர்கள் பட்டணத்துக்கு வந்தார்கள். துண்டாடலுக்கு எதிராகத் துன் வீ. தி. சம்பந்தன் 1960-இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கியது தொழிலாளரின் சின்னச் சின்னச் சேமிப்பை நம்பித்தான்.

ரயில் போன பாதை

● மவுத் ஆர்கனில் ரயில் ஓட்டியவர்களில் முதல் நட்சத்திரம் டிஃபோர்ட் பெய்லி. நாஷ்வில் வானொலியின் 'கிராண்ட் ஓல் ஆப்ரி' நிகழ்ச்சிக்கு 1927-இல் அந்தப் பெயர் பிறந்த இரவில், அதற்குச் சற்றுமுன் ஒலித்தது இவருடைய ரயில் உருப்படி. 1941-இல் வேலையிலிருந்து நிறுத்தப்பட்டார். செருப்புக்குப் பாலீஷ் போட்டுப் பிழைத்தார். கன்ட்ரி இசைப் புகழ் மண்டபத்தில் பெயர் ஏறியது 2005-இல், இறந்து 23 ஆண்டு கழித்து.

● மலாக்கா பட்டணத்துக்கும் ஒரு காலத்தில் ரயில் வந்தது. தம்பினிலிருந்து பிரிந்த கிளைப்பாதை 1905-இல் திறந்தது. ஜப்பானியர் காலத்தில் அதைப் பெயர்த்தெடுத்து சயாம்–பர்மா மரண ரயிலுக்குக் கொண்டுபோனார்கள். தண்டவாளம் மட்டும் போகவில்லை. மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர்களையும் அதே வேலைக்கு இழுத்துப் போனார்கள். திரும்பாதவர் மிகப் பலர். மலாக்காக்காரர்கள் இன்றும் ரயிலேற வேண்டுமானால் புலாவ் செபாங்குக்குத்தான் போக வேண்டும்.

நம்ம பக்கம்

● மலேசியாவில் ப்ளூஸ் என்றதும் நினைவுக்கு வரும் பெயர் 'ப்ளூஸ் கேங்'. பக்கத்து மாநிலமான நெகிரி செம்பிலான் வட்டார வழக்கில் அவர்கள் பாடிய 'அப்போ நாக் டிகாத்தோ' நாடெங்கும் ஒலித்தது. அந்தக் குழுவின் பாஸ் கித்தார் கலைஞர் ஜிம் மாடசாமி. பெயரே போதும்.

● மலாய்ப் பாட்டு உலகில் பல்லாண்டு கோலோச்சிய 'அல்லிகேட்ஸ்' குழுவை நடத்தியவர்கள் பினாங்குச் சகோதரர்கள் டேவிட் ஆறுமுகமும் லோகநாதன் ஆறுமுகமும். லோகநாதன் 2007-இல் மறைந்தார். பேண்டுக்குத் தலைவராக ஒரு தமிழ்ப் பெயர் இருப்பது இந்த நாட்டுக்குப் புதிதல்ல.

● 1975-இல் வந்த 'ஷோலே' படத்தில் அமிதாப் பச்சன் இருட்டில் உட்கார்ந்து வாசிப்பாரே, அந்த மவுத் ஆர்கனுக்குப் பின்னால் இருந்த உண்மையான மூச்சு பானு குப்தாவுடையது. ஆர். டி. பர்மன் குழுவில் அவர் கித்தாரும் வாசித்தார்.

● விண்வெளியில் முதன்முதலில் ஒலித்த வாத்தியங்களில் ஒன்று மவுத் ஆர்கன். 1965 டிசம்பரில் ஜெமினி 6 கலத்தில் வாலி ஷிரா ஒரு குட்டி ஹோனரை ஒளித்துக்கொண்டு போய், கிறிஸ்துமஸ் பாட்டு வாசித்துத் தரைக் கட்டுப்பாட்டு நிலையத்தைச் சிரிக்க வைத்தார். சோதனைக்குத் தப்பிய காரணம்: அளவு.

குரல் போன பிறகு

● 1990-களின் நடுவில் காட்டனுக்குத் தொண்டைப் புற்றுநோய். சிகிச்சை உயிரைக் காப்பாற்றியது. பாட்டுக் குரலைக் கொண்டுபோய்விட்டது. பேசினாலே கரகரப்பு. ஆனால் ப்ளூஸ் மவுத் ஆர்கனுக்குத் தேவை குரல்வளை அல்ல, நெஞ்சுக்குள் இழுக்கும் காற்று. அது மிச்சம் இருந்தது. 1996-இல் வந்த 'டீப் இன் த ப்ளூஸ்' தட்டுக்குக் கிராமி விருது கிடைத்தது.

● அதன்பின் குழுவில் பாடுவதற்கென்று ஆள் வைத்துக்கொண்டார். வயதானதும் நாற்காலியில் உட்கார்ந்தபடி, அவர்கள் ஒரு வரி பாடி மூச்சு வாங்கும் இடத்தில் இவர் நுழைந்து பதில் சொல்வார். மட்டி வாட்டர்ஸின் பின்னால் நின்று செய்த அதே வேலை. இப்போது குழு மட்டும் அவருடையது. பதினைந்து வயதுக்குள் கையில் கொடுத்த குழுவைக் கலையவிட்டவர், பின்பாட்டில் இருந்தபடியே தலைமை தாங்கக் கற்றுக்கொண்டிருந்தார்.

● 2013-இல் 'காட்டன் மவுத் மேன்' தட்டு வந்தபோது வயது 77. 2017 மார்ச் 16 அன்று டெக்ஸஸின் ஆஸ்டின் நகரில் நிமோனியாவால் இறந்தார். எண்பத்தொரு வருஷ ஆயுளில் ஏறக்குறைய எழுபது வருஷம் அந்த வாத்தியம் வாயில் இருந்தது.

● கடைசியாக ஒரு சோதனை. வீட்டில் பிள்ளைகள் போட்டு வைத்த மவுத் ஆர்கன் இருந்தால் எடுங்கள். பத்துத் துளை, சி ஸ்ருதி என்றால் நல்லது. இடக்கோடியிலிருந்து முதல் மூன்று துளைகளை வாயால் கவ்வி, ஊதாமல் மெதுவாக உள்ளே இழுங்கள். இழுத்து, விட்டு, இழுத்து, விட்டு, கொஞ்சம் கொஞ்சமாக வேகம் கூட்டுங்கள். ஒரு ரயில் கிளம்பும். டுனிக்கா பருத்திக் காட்டில் ஓர் அம்மா மகனுக்குச் சொல்லிக்கொடுத்த முதல் பாடம் அதுதான்.